கல்லார் முதல் காட்டேரி வரை: ஊட்டி ரயில் பாதையில் மூடிக் கிடக்கும் ஸ்டேஷன்கள் பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

மேட்டுப்பாளையத்திலிருந்து ஊட்டி ரயிலில் போய்விட்டு வருகிறவர்கள் மலையைப் பற்றியும் ரயில் நுழைந்து போகிற குகைகளைப் பற்றியும் பேசிவிட்டு, கடைசியில் ஒரு விஷயத்துக்கு வந்து நிற்பார்கள்: காட்டுக்குள் வந்து போன அந்த ஆளில்லாத ஸ்டேஷன்கள். உறவுக்காரர்கள், வெளியூர் நண்பர்கள், பள்ளிக்கூடப் பிள்ளைகள் என எல்லோரிடமிருந்தும் ஏறக்குறைய ஒரே சந்தேகங்கள்தான் வருகின்றன. அவற்றை அவர்கள் கேட்ட வாக்கிலேயே இங்கே தொகுத்திருக்கிறேன்.

நடுக்காட்டில் ஒரு ஸ்டேஷன் வந்துச்சே, பெயர்ப்பலகை இருக்கு, ஆளே இல்ல. அது எது?

அது ஒன்றல்ல. மேட்டுப்பாளையத்துக்கும் குன்னூருக்கும் நடுவே சுமார் 28 கிலோமீட்டர் தூரம். அதில் ஏறக்குறைய 8ஆவது கிலோமீட்டரில் கல்லார், 13இல் அடர்லி, 18இல் ஹில்குரோவ், 21இல் ரன்னிமேடு, 25இல் காட்டேரி என்று வரிசையாக ஐந்து நிலையங்கள் உண்டு. இவற்றில் ஹில்குரோவில் மட்டும் இன்றும் கொஞ்சம் கலகலப்பு இருக்கிறது. ரயில் நிற்கும், டீ கிடைக்கும், குரங்குகள் ஜன்னல் வரை வந்து பிஸ்கட்டைப் பிடுங்கும். மற்ற நான்கும் பயணிகளுக்கான நிலையங்களாக இல்லாமல் போய்விட்டன.

நீங்கள் பார்த்தது இரண்டு பக்கமும் அடர்ந்த காடாக, சுற்றிலும் ஒரு வீடுகூட இல்லாமல் இருந்தால் அது பெரும்பாலும் அடர்லி. தேயிலைச் சரிவுகள் தெரிந்தால் ரன்னிமேடு.

இதெல்லாம் எந்தக் காலத்துல கட்டினது?

மலைக்கு ரயில் விட வேண்டும் என்ற பேச்சு 1854லேயே தொடங்கிவிட்டது. ஆனால் வழி தெரியவில்லை. சாதாரண ரயில் ஏற முடியாத செங்குத்து அது. 1882இல் சுவிட்சர்லாந்துப் பொறியாளர் ரிகன்பாக் இங்கே வந்து பார்த்தார். ஐரோப்பாவில் ரிகி மலைக்குப் பல்தண்டவாளம், அதாவது சக்கரம் பிடித்து ஏறப் பல் வைத்த தண்டவாளம் போட்டு ரயில் ஏற்றியவர் அவர்தான். 1885இல் ஒரு கம்பெனி உருவானது. 1891 ஆகஸ்டில் சென்னை மாகாண ஆளுநர் வென்லாக் பிரபு முதல் மண்ணை வெட்டி வேலையைத் தொடங்கிவைத்தார். அந்தக் கம்பெனி பணமில்லாமல் நொடித்துப் போக, புதிய கம்பெனி ஒன்று வேலையை எடுத்து முடித்தது. 1899 ஜூனில் குன்னூர் வரை ரயில் ஓடியது.

1903இல் அரசாங்கமே பாதையை வாங்கிக்கொண்டது. குன்னூரிலிருந்து ஊட்டி வரைக்குமான மீதிப் பாதை 1908இல்தான் வந்தது. ஆக, கல்லாரிலிருந்து காட்டேரி வரையுள்ள பகுதி ஊட்டி ஸ்டேஷனைவிட ஒன்பது வருஷம் மூத்தது. இதைச் சொன்னால் பலருக்கு ஆச்சரியமாக இருக்கிறது. ஊட்டிதான் முதலில் என்று எல்லோரும் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள்.

ரயில் வர்றதுக்கு முன்னாடி எப்படிப் போனாங்க?

சாலையில்தான். மேட்டுப்பாளையம் வரை 1873இலேயே ரயில் வந்துவிட்டது. அங்கே இறங்கி, குதிரை பூட்டிய டாங்கா வண்டியிலோ மாட்டு வண்டியிலோ மலை ஏற வேண்டும். சாமான் எல்லாம் மாட்டு வண்டியில் பின்னால் வரும். இப்போது பர்லியார் வழியாகப் போகிற குன்னூர் மலைச்சாலையைப் போட்டவர் கர்னல் லா என்ற அதிகாரி. குன்னூருக்குக் கீழே உள்ள லாஸ் அருவி அவர் பெயரைத்தான் தாங்கி நிற்கிறது.

ஊரே இல்லாத இடத்துல எதுக்கு ஸ்டேஷன் கட்டினாங்க? யார் ஏறுவாங்கன்னு நினைச்சாங்க?

எல்லாக் கேள்விக்கும் அடியில் இருக்கிற கேள்வி இது. நமக்கு ஸ்டேஷன் என்றால் ஊர் ஞாபகம் வரும். ஊர் இருந்தால் ஸ்டேஷன், ஸ்டேஷன் வந்தால் ஊர். ஆனால் அடர்லியை ஊருக்காகக் கட்டவில்லை, எஞ்சினுக்காகக் கட்டினார்கள். கல்லார் கடல் மட்டத்திலிருந்து சுமார் 400 மீட்டர் உயரம். குன்னூர் சுமார் 1,710 மீட்டர். இருபது கிலோமீட்டரில் 1,300 மீட்டருக்கு மேல் ஏற வேண்டும். சில இடங்களில் 12 அடி போனால் 1 அடி ஏற்றம். இந்தியாவிலேயே மிகச் செங்குத்தான ரயில் பாதை இதுதான். இப்படிப்பட்ட ஏற்றத்தில் நீராவி எஞ்சின் தண்ணீரைக் குடித்துக்கொண்டே இருக்கும். ஒரே மூச்சில் குன்னூர் வரை போகிற அளவுக்கு அதன் தொட்டியில் தண்ணீர் கொள்ளாது. அதனால் நாலைந்து கிலோமீட்டருக்கு ஓர் இடத்தில் தண்ணீர் வேண்டும்.

இரண்டாவது காரணம், இது ஒற்றைப் பாதை. மேலே போகிற வண்டியும் கீழே வருகிற வண்டியும் எங்கேயாவது விலகித்தானே ஆக வேண்டும்? அதற்கு இரட்டைத் தண்டவாளம் போடுகிற அளவுக்குச் சமதளம் தேவை. இந்த மலைச்சரிவில் சமதளம் சும்மா கிடைக்காது. ஓடைத் தண்ணீரும் கிடைத்து, கொஞ்சம் தட்டையான நிலமும் அமைந்த இடம் பார்த்து ஸ்டேஷன் வைத்தார்கள். அங்கே ஊர் இருக்கிறதா இல்லையா என்பது அவர்கள் கணக்கிலேயே வரவில்லை.

தண்ணி பிடிக்கிறது எப்படி? நான் போனப்போ பெட்டியிலிருந்து சரியா தெரியல.

ரயில் நின்றதும் பின்பக்கம் போய்ப் பாருங்கள், அனுமதிக்கிற இடமாக இருந்தால். எஞ்சின் பக்கத்தில் ஓர் இரும்புத் தூண் நிற்கும். அதிலிருந்து பெரிய குழாய் நீளும். ஃபயர்மேன் எஞ்சின் மேல் ஏறி, பக்கவாட்டுத் தொட்டியின் மூடியைத் திறந்து, குழாயை உள்ளே விட்டதும் தண்ணீர் தடதடவென்று கொட்டும். மலை ஓடையிலிருந்து வருகிற தண்ணீர், ஐஸ் மாதிரி இருக்கும். தொட்டி நிரம்பியதும் விளிம்பில் வழிந்து, சூடான இரும்பில் பட்டு ஆவி கிளம்பும். அந்த நேரத்தில் இன்னொருவர் எண்ணெய்க் கேனை வைத்துக்கொண்டு எஞ்சினின் கை கால்களுக்கெல்லாம் எண்ணெய் விடுவார்.

பயணிகளுக்கு அது பத்து நிமிஷ ஓய்வு, ஆனால் எஞ்சின் ஆட்களுக்கு அதுதான் மும்முரமான வேலை நேரம். அந்த நேரத்தில் அவர்களைப் போட்டோவுக்கு நிற்கச் சொல்லித் தொந்தரவு செய்யாதீர்கள். தள்ளி நின்று பார்த்தாலே எல்லாம் தெரியும்.

கல்லார்ல மூடின ஸ்டேஷன்தானே, அங்க மட்டும் ரயில் ஏன் அவ்வளவு ஊர்ந்து போகுது?

கல்லாரில்தான் பல்தண்டவாளம் தொடங்குகிறது. அதுவரை எஞ்சின் சமவெளியில் ஓடுகிற சாதாரண எஞ்சின் மாதிரிதான். கல்லாரைத் தாண்டியதும் இரண்டு தண்டவாளத்துக்கும் நடுவில் மூன்றாவதாக, பல் வைத்த இரும்புப் பட்டை ஜோடியாக வரும். இது ஆப்ட் என்ற சுவிஸ் பொறியாளரின் முறை. ஒரு பட்டையின் பல் இருக்கிற இடத்தில் மற்றதில் இடைவெளி இருக்கும். அதனால் எஞ்சினின் பல்சக்கரம் எப்போதும் ஏதாவது ஒரு பல்லைப் பிடித்துக்கொண்டே இருக்கும், நழுவாது.

ஓடிவருகிற சக்கரத்தின் பல் சரியாகப் போய்ப் பொருந்த வேண்டுமே? அதற்காகத் தொடக்கத்தில் உள்ள பட்டைக்குக் கீழே ஸ்பிரிங் வைத்திருக்கிறார்கள். பல் சரியாக உட்காராவிட்டால் பட்டை கொஞ்சம் அமுங்கி இடம் கொடுக்கும். அந்த நேரத்தில்தான் ரயில் ஊர்ந்து போகிறது. காதைத் தீட்டிக்கொண்டிருந்தால் பல் விழுகிற சத்தம் கேட்கும், அதற்குப் பிறகு வண்டியின் ஓசையே மாறிவிடும். டிக்கெட் கொடுக்கிற நிலையமாக இல்லாவிட்டாலும், இந்தப் பாதையில் கல்லாரைவிட முக்கியமான இடம் வேறு இல்லை என்பேன்.

எஞ்சின் ஏன் பின்னாடி இருந்து தள்ளுது? முன்னாடி மாட்டி இழுத்தா என்ன?

பாதுகாப்புக்குத்தான். ஏற்றத்தில் இணைப்பு அறுந்துபோனால், முன்னால் இருந்து இழுக்கும் எஞ்சினை விட்டுப் பெட்டிகள் பின்னால் உருண்டு ஓடிவிடும். எஞ்சின் எப்போதும் கீழ்ப்பக்கம் இருந்தால் பெட்டிகளை அது தாங்கிக்கொள்ளும். இறங்கும்போதும் இதே கதைதான். எஞ்சின் முன்னால் இருந்து பெட்டிகளை முட்டுக் கொடுத்து இறக்கும். எஞ்சின் முன்னால் இல்லாததால், ஏறும்போது பாதையைப் பார்க்க முதல் பெட்டியின் முகப்பில் ஓர் ஆள் கொடியோடு நிற்பார். ஒவ்வொரு பெட்டியிலும் பிரேக்ஸ்மேன் உண்டு.

பல்தண்டவாளப் பகுதியில் வேகம் மணிக்கு 13 கிலோமீட்டர்தான். மேட்டுப்பாளையத்திலிருந்து ஊட்டி 46 கிலோமீட்டர். ஏறுவதற்கு ஐந்து மணி நேரம் பிடிப்பது இதனால்தான்.

சரி, பயணிகளே ஏறாத ஸ்டேஷனா அது? ஒருத்தர்கூடவா இல்ல?

அப்படியும் இல்லை. ஸ்டேஷன் இருந்தால் ஸ்டேஷன் மாஸ்டர், வண்டியைத் தடம் மாற்றிவிடுகிற பாயின்ட்ஸ்மேன், பாதையைப் பார்த்துக்கொள்கிற கேங்மேன்கள் இருப்பார்கள். அவர்களுக்குக் குடியிருப்பு வேண்டும். குடும்பம் வந்தால் அரிசி பருப்பு ரயிலில்தான் வர வேண்டும். பிள்ளைகள் பள்ளிக்கூடம் போக வேண்டும், உடம்புக்கு முடியாவிட்டால் மேட்டுப்பாளையமோ குன்னூரோ போக வேண்டும். ரன்னிமேடு, காட்டேரி பக்கத்தில் எஸ்டேட் ஆட்களும் இருந்தார்கள். ஒரு காலத்தில் அவர்களுக்கெல்லாம் வெளியுலகத்துக்கான வாசல் இந்த ரயில்தான்.

அடிவாரத்துக் காடு மலேரியாவுக்குப் பேர்போனது. இரவில் யானை, மழைக்காலத்தில் மண்சரிவு. அங்கே டியூட்டி பார்த்தவர்களைப் பற்றி யாரும் அதிகம் பேசுவதில்லை. வென்லாக் பிரபுவின் பெயர் வரலாற்றில் நிற்கிறது. மழையில் நனைந்துகொண்டு தண்டவாளத்தில் விளக்கோடு நடந்த கேங்மேன் பெயர் எங்கேயும் இல்லை. எனக்கு இது எப்போதும் மனசில் உறுத்துகிற விஷயம்.

அப்புறம் ஏன் மூடினாங்க?

மேலே சொன்ன இரண்டு காரணங்களையும் திருப்பிப் பார்த்தால் விடை கிடைக்கும். ஸ்டேஷன் வைத்தது வண்டிகள் விலகுவதற்கும் தண்ணீருக்கும். இன்று மேட்டுப்பாளையம் - குன்னூர் இடையே வழக்கமாக நாளுக்குப் போக ஒன்று, வர ஒன்று என்றுதான் ரயில் ஓடுகிறது. காலையில் ஏறிய வண்டியே மதியத்துக்கு மேல் இறங்கி வருகிறது. எதிரில் வண்டி வராதபோது விலகுவதற்கு என்ன வேலை? அதற்கு ஒரு ஸ்டேஷன் மாஸ்டரும் ஆட்களும் எதற்கு? அந்தப் பாதி உயிர் அப்படிப் போயிற்று.

பயணிகளைச் சாலை எடுத்துக்கொண்டது. ரயில் இரண்டரை, மூன்று மணி நேரம் எடுக்கிற குன்னூருக்குப் பஸ் ஒன்றரை மணி நேரத்துக்குள் போய்விடுகிறது. அரை மணிக்கு ஒரு பஸ் வேறு. தேயிலையும் காய்கறியும் லாரிக்கு மாறின. இதில் யாரையும் குறை சொல்ல முடியாது. அவசரத்துக்கு ஆஸ்பத்திரி போக வேண்டியவர் நாளுக்கு ஒரு ரயிலுக்காகக் காத்திருக்க மாட்டார்.

அப்போ அடர்லி மட்டும் ஏன் அவ்வளவு மோசமா கிடக்கு?

ஆள் புழக்கம் இல்லாததுதான். ரன்னிமேட்டைச் சுற்றி எஸ்டேட் உண்டு, ஹில்குரோவில் ரயில் வந்து நின்று மனிதர்கள் இறங்குகிறார்கள். அடர்லிக்கு இரண்டும் இல்லை. இந்தச் சரிவில் ஐப்பசி, கார்த்திகை மழை எப்படிப் பெய்யும் என்று இங்கே இருப்பவர்களுக்குத் தெரியும். ஓடு ஒன்று விலகினால் ஒரே மழையில் உத்தரம் நனையும், அடுத்த வருஷம் உளுக்கும், அப்புறம் கூரை உள்ளே இறங்கும். சுவர் வெடிப்பில் ஆலோ அரசோ வேர் விட்டால் கல்கூடப் பிளக்கும். உண்ணிச்செடி வாசல் வரை வந்து மூடும். இதற்கு நூறு வருஷமெல்லாம் வேண்டாம். பத்து மழைக்காலம் போதும்.

அங்க பேய் இருக்குன்னு வீடியோ எல்லாம் போடுறாங்களே, நிஜமா?

இல்லை. பாழடைந்த கட்டடம், மூடுபனி, குகை வாசல் மூன்றும் ஒரே இடத்தில் கிடைத்தால் கதை கட்டுவது எளிது. இந்தக் கதைகள் எனக்கு ஏன் பிடிக்கவில்லை என்றால், அங்கே வேலை பார்த்து, குடும்பம் நடத்தி, பிள்ளை வளர்த்தவர்களின் நிஜ வாழ்க்கையை அவை மறைத்துவிடுகின்றன. கூடவே, கதையைக் கேட்டுவிட்டு ராத்திரியில் போய்ப் பார்க்கலாம் என்று கிளம்புகிற இளைஞர்களுக்கு அங்கே உண்மையிலேயே இருக்கும் ஆபத்து யானை. அதை வீடியோவில் யாரும் சொல்வதில்லை.

தண்டவாளத்து வழியா நடந்தே அடர்லி போகலாமா? என் ஃபிரண்ட்ஸ் போயிருக்காங்க.

போகக் கூடாது. தண்டவாளத்தில் அனுமதியில்லாமல் நடப்பது ரயில்வே சட்டத்தின் 147ஆவது பிரிவில் குற்றம். ஆறு மாதம் வரை சிறை, ஆயிரம் ரூபாய் வரை அபராதம் அல்லது இரண்டும் விதிக்கலாம். சுற்றிலும் காடு, அதில் நுழைய வனத்துறையின் அனுமதியும் வேண்டும்.

சட்டத்தை விடுங்கள், இடத்தை யோசியுங்கள். இந்தப் பாதை முழுவதும் 250 பாலங்கள், 16 குகைகள், 208 வளைவுகள். பல பாலங்களில் நடைபாதையோ கைப்பிடியோ கிடையாது. கட்டைகளுக்கு நடுவில் கீழே பள்ளத்தாக்குத் தெரியும். குகைக்குள் யானை நின்றால் திரும்பி ஓடவும் வழியில்லை. பாதையின் ஒரு பக்கம் பாறை, மறுபக்கம் சரிவு. உங்கள் நண்பர்கள் நல்லபடியாகத் திரும்பி வந்தது அதிர்ஷ்டம்.

காரில் போய்ப் பார்க்க முடியுமா?

அடர்லிக்கு வண்டி போகிற ரோடு கிடையாது. அதை ரயிலிலிருந்துதான் பார்க்க முடியும். கல்லார், மலைச்சாலை ஏறத் தொடங்குகிற இடத்திலேயே இருக்கிறது. அரசு பழப்பண்ணை பக்கம். மங்குஸ்தான் பழ சீசனில் அந்தச் சாலையோரக் கடைகளைத் தெரியாதவர்கள் இல்லை. ரன்னிமேட்டுக்கு அருகே போக முடியும், அதற்கு அடுத்த பதிலைப் பாருங்கள்.

ரன்னிமேடு மூடின ஸ்டேஷனா இல்லையா? அங்க ரயில் நிக்குது, கூட்டமும் இருக்குதே?

நல்ல கேள்வி. டிக்கெட் எடுத்து ஏறி இறங்குகிற ஸ்டேஷனாக அது மூடியதுதான். ஆனால் எஞ்சின் இன்றும் அங்கே தண்ணீர் பிடிக்கிறது. காட்டேரி பூங்கா பக்கத்தில், தேயிலைத் தோட்டங்களுக்கு நடுவே இருப்பதால், பூங்காவுக்கு வருகிறவர்கள் ரயில் வருகிற நேரம் பார்த்துக் கூடுகிறார்கள். குன்னூரிலிருந்து ரன்னிமேடு வரை சுற்றுலாவுக்காகச் சிறப்பு ரயிலும் விட்டதுண்டு.

ஸ்டேஷன் எஞ்சினுக்காகப் பிறந்தது என்று மேலே சொன்னேனே, அதற்கு ரன்னிமேடுதான் சாட்சி. பயணி போனார், ஸ்டேஷன் மாஸ்டர் போனார், எதிர் வண்டி போயிற்று. தண்ணீர்த் தேவை மட்டும் போகவில்லை. அதனால் ஸ்டேஷன் முழுசாகச் சாகவில்லை. தண்ணீரைத் தேடி நின்ற ரயிலைப் பார்க்கத்தான் ஜனங்களும் திரும்ப வந்தார்கள்.

காட்டேரி பூங்கா, காட்டேரி அருவி, காட்டேரி ஸ்டேஷன் எல்லாம் ஒரே இடமா?

இல்லை, இதில்தான் நிறையப் பேர் குழம்புகிறார்கள். பூங்காவிலிருந்து நீங்கள் பார்க்கிற ஸ்டேஷன் ரன்னிமேடு. காட்டேரி ஸ்டேஷன் அதற்கு மேலே, குன்னூருக்கு முந்தையது. அங்கே ரயில் நிற்பதே இல்லை, கண் இமைக்கிற நேரத்தில் கடந்துவிடும். காட்டேரி அருவியோ குன்னூரிலிருந்து குந்தா போகிற சாலையில், வேறு பக்கத்தில் இருக்கிறது. அந்த அருவித் தண்ணீரில் மின்சாரம் எடுத்துத்தான் அருவங்காடு வெடிமருந்துத் தொழிற்சாலையை நடத்தினார்கள். நாட்டின் ஆரம்பகாலப் புனல்மின் நிலையங்களில் அதுவும் ஒன்று. எல்லாவற்றுக்கும் பெயர் ஒன்றாக இருப்பதற்குக் காரணம் காட்டேரி ஆறு. அது இறங்கி வந்து லாஸ் அருவிப் பக்கம் குன்னூர் ஆற்றோடு சேர்கிறது.

குன்னூருக்கு மேல மூடின ஸ்டேஷன் இல்லையா?

உண்டு, பெர்ன்ஹில். லவ்டேலுக்கும் ஊட்டிக்கும் நடுவில். 1908 செப்டம்பரில் குன்னூரிலிருந்து ரயில் பெர்ன்ஹில் வரைதான் வந்தது, ஊட்டிக்கு அக்டோபரில் போயிற்று. ஆக ஒரு மாதம் பெர்ன்ஹில்தான் இந்த மலை ரயிலின் கடைசி ஸ்டேஷன். மைசூர் மகாராஜாவின் அரண்மனை இருக்கிற பெர்ன்ஹில் அதே இடம்தான். வெலிங்டன், அருவங்காடு, கேத்தி, லவ்டேல் நான்கும் இன்றும் பயணிகளுக்குப் பயன்படுகின்றன. அங்கேயெல்லாம் ஊர் இருக்கிறது, அதுதான் வித்தியாசம்.

யானைங்களுக்கு இந்த ரயில் பாதையால தொந்தரவு இல்லையா?

கல்லார் பகுதி யானைகள் காலங்காலமாக நடந்துபோகிற வழி. மேற்குத் தொடர்ச்சி மலைக் காடுகளின் இரண்டு பக்கத்தையும் சேர்க்கிற குறுகலான இடம் அது. ஒருபுறம் மலைச்சாலை, இன்னொருபுறம் ரயில் பாதை, நடுவில் தோட்டங்கள். வாகனம் ஓயாத சாலையை ஒப்பிட்டால், மணிக்கு 13 கிலோமீட்டரில் போகிற ரயில் பெரிய பாவம் செய்யவில்லை. ஆனால் பாதையோரம் எழுப்பிய தடுப்புச்சுவர் ஒன்று யானைகளை மறித்தது. ஏற வழியில்லாமல் ஒரு கூட்டம் தண்டவாளத்தில் தவித்த வீடியோ 2022 தொடக்கத்தில் பரவி, ரயில்வே அந்தச் சுவரை இடித்துக் கொடுத்தது. இங்கே எதைக் கட்டினாலும் முதலில் யானையைக் கேட்டுவிட்டுத்தான் கட்ட வேண்டும்.

ஆளில்லாத ஸ்டேஷன்களின் திறந்த வெளியில் யானைகள் நிற்பது சகஜம். ரயில் அப்போது நின்று வழிவிடும். ஜன்னலிலிருந்து கத்தாதீர்கள்.

மழைக்காலத்துல ரயிலை அடிக்கடி நிறுத்திடுறாங்களே?

அக்டோபர் முதல் டிசம்பர் வரை வடகிழக்குப் பருவமழை நேராக இந்தச் சரிவில் வந்து மோதும். மண்ணும் பாறையும் மரமும் தண்டவாளத்தில் விழும். பல்தண்டவாளம் இருப்பதால் சுத்தம் செய்வதும் இரட்டிப்பு வேலை, ஒரு சிறு கல் பல்லுக்குள் இருந்தாலும் ஆபத்து. 2009 நவம்பர் மழையில் நீலகிரி மாவட்டமே நிலச்சரிவில் குலைந்தது. ரயில் மாதக்கணக்கில் ஓடவில்லை. டிக்கெட்டை ரத்து செய்துவிட்டார்கள் என்று கோபப்படுகிறவர்களிடம் நான் சொல்வது, அந்த முடிவை எடுப்பவர்கள் உங்கள் உயிருக்காகத்தான் எடுக்கிறார்கள்.

யுனெஸ்கோ அங்கீகாரம் இருக்கே, அப்புறம் ஏன் இந்த ஸ்டேஷன்களைச் சரி பண்ணல?

2005 ஜூலையில் இந்த ரயில் உலகப் பாரம்பரியச் சின்னம் ஆனது. டார்ஜிலிங் ரயிலோடு சேர்த்து, இந்திய மலை ரயில்கள் என்ற ஒரே தலைப்பில் வந்தது. 2008இல் கால்கா - சிம்லாவும் சேர்ந்தது. அங்கீகாரம் எஞ்சினுக்கு மட்டுமல்ல, பாதை முழுவதுக்கும்தான்.

ஆனால் பணமும் ஆளும் முதலில் ஓடுகிற வண்டிக்குத்தான் போகும், பாலத்துக்கும் பல்தண்டவாளத்துக்கும் போகும். அது நியாயமும்கூட. என் எதிர்பார்ப்பு சின்னது: அடர்லியைப் புதுசாக்க வேண்டாம், மேலும் விழாமல் தாங்கிப் பிடித்தால் போதும். கூரையை மூடி, வேரை வெட்டி, நீர் வடிய வழி செய்தால் அந்தச் சுவர்கள் இன்னும் பல தலைமுறை நிற்கும். பளபளப்பான டைல்ஸ் ஒட்டி, பிளாஸ்டிக் பெயிண்ட் அடித்து அழகுபடுத்துவதைவிட அதுவே மேல்.

டீசல் எஞ்சின் வந்துட்டா தண்ணி நிறுத்தமும் போயிடுமே?

குன்னூருக்கு மேலே டீசல்தான் ஓடுகிறது, அங்கே பல்தண்டவாளம் தேவையில்லை. குன்னூருக்குக் கீழே இன்றும் நீராவிதான். பழைய எக்ஸ் வகை எஞ்சின்கள் சுவிட்சர்லாந்தின் விண்டர்தூரில் செய்தவை. அதே வகையில் புது எஞ்சின்களைத் திருச்சி பொன்மலை பணிமனையில் செய்து அனுப்பினார்கள். நிலக்கரிக்குப் பதிலாக எண்ணெயில் எரிகிற எஞ்சின்களும் உண்டு. எதில் எரிந்தாலும் நீராவிக்குத் தண்ணீர் வேண்டும். பொன்மலையில் புதிதாக ஒரு நீராவி எஞ்சின் உருவாகும்போதெல்லாம் ரன்னிமேட்டுக் குழாய்க்கு ஆயுள் கூடுகிறது என்றே நான் எடுத்துக்கொள்கிறேன். நீராவி போனால் இந்த ஸ்டேஷன்களுக்கு மிச்சமிருக்கிற ஒரே காரணமும் போய்விடும்.

மறுபடியும் திறப்பாங்களா?

ரன்னிமேட்டைச் சுற்றுலாவுக்காக இன்னும் நன்றாகப் பயன்படுத்தலாம். சாலை, பூங்கா, கூட்டம் எல்லாம் ஏற்கெனவே இருக்கிறது. அடர்லியைத் திறக்கக் கூடாது என்பது என் கருத்து. அங்கே பயணிகளை இறக்கினால் அடுத்த வருஷம் கடை வரும், கடை வந்தால் குப்பை வரும், குப்பை வந்தால் யானை வரும். ஹில்குரோவில் குரங்குகள் பட்டிருக்கிற பாடே போதும்.

கொடைக்கானலுக்கு ஏன் இப்படி ஒரு ரயில் இல்ல? கொடை ரோடுன்னு ஸ்டேஷன் இருக்கே?

கொடைக்கானல் ரோடு சமவெளியில், அம்மையநாயக்கனூரில் இருக்கிறது. அங்கிருந்து கொடைக்கு எண்பது கிலோமீட்டர் அளவுக்குச் சாலையில்தான் போக வேண்டும். பழனி மலைமேல் ரயில் ஏறவே இல்லை.

அடுத்த தடவை போகும்போது இந்த ஸ்டேஷன்களைத் தவறாம பார்க்கணும். என்ன பண்ணணும்?

குன்னூரிலிருந்து ஊட்டிக்கு மட்டும் டிக்கெட் எடுத்தால் இவற்றில் எதையும் பார்க்க முடியாது, பெர்ன்ஹில்லைத் தவிர. மேட்டுப்பாளையத்தில் காலை 7.10க்குக் கிளம்புகிற வண்டியில் ஏறுங்கள். சென்னையிலிருந்து வருகிறவர்களுக்கு நீலகிரி எக்ஸ்பிரஸ் அதற்கு முன்பே கொண்டுவந்து விட்டுவிடும். இடம் சீக்கிரம் தீர்ந்துவிடும் என்பதால் முன்பதிவு திறக்கிற நாளிலேயே போட்டுவிடுங்கள்.

மேலே சொன்ன கிலோமீட்டர்களைக் குறித்து வைத்துக்கொண்டு, பாதையோரக் கிலோமீட்டர் கற்களைக் கவனித்து வந்தால் எதுவும் தப்பாது. காட்டேரிக்கு மட்டும் முன்கூட்டியே தயாராக இருங்கள், 25ஆவது கல்லுக்கு முன்பே ஜன்னல் பக்கம் வந்துவிட வேண்டும். மேலே ஏறும்போது விட்டுப்போனால் அன்றே மதியம் 2 மணிக்கு ஊட்டியிலிருந்து இறங்குகிற வண்டியில் வரலாம். இருட்டுவதற்குள் அடர்லியைத் தாண்டிவிடும்.